‘மறுகா வாங்க’: கந்தோர் அலைச்சலை அனிமேஷன் படமாக்க ஒரு வழிகாட்டி

என் அம்மாவின் பிறப்புச் சான்றிதழில் ‘வ’ இருந்த இடத்தில் அடையாள அட்டையில் ‘ல’ இருந்தது. அந்த ஓர் எழுத்துக்காக அவர் ஒரு கந்தோருக்கு, அதாவது அரச அலுவலகத்துக்கு, ஆறு தடவை போய் வந்தார். ஆறாவது தடவை சத்தியக் கடதாசி கேட்டார்கள். இந்தப் பெயருக்கு உரியவரும் அந்தப் பெயருக்கு உரியவரும் ஒரே ஆள்தான் என்று சமாதான நீதவான் முன்னால் சத்தியம் செய்து கையொப்பம் வைக்க வேண்டும். வெளியே வந்து குடையை விரித்துக்கொண்டே அம்மா என்னிடம் கேட்டார்: “நான்தான் நான் எண்டு நானே சத்தியம் பண்ணோணுமா மனே?”

அந்தக் கேள்வியில்தான் எங்கள் முதல் அனிமேஷன் படம் தொடங்கியது. ஓடும் நேரம் இரண்டு நிமிடம் பத்து வினாடி. மூன்று பேர், ஒரு போன், மெதுவாக ஓடும் ஒரு லப்டொப், நான்கு மாத இரவுகள். எங்களில் ஒருவரும் இதற்கு முன் அனிமேஷன் செய்ததில்லை. மட்டக்களப்பிலோ அம்பாறையிலோ இருந்துகொண்டு இப்படி ஒன்றைச் செய்ய நினைக்கிறவர்களுக்காக, நாங்கள் செய்த ஒழுங்கிலேயே எழுதுகிறேன். எங்கே இடறினோம் என்பதையும் சேர்த்துத்தான்.

ஏன் அனிமேஷன் என்று கேட்பீர்கள். நாடகமாகப் போட்டிருக்கலாம், போனில் நடித்தும் எடுத்திருக்கலாம். ஆனால் ஓர் எழுத்து மாறியதால் ஒரு பெண் இரண்டு பெண்ணாகிறாள் என்பதை, சொல்லாமல் அப்படியே கண்முன் காட்ட வரைந்த படத்தால்தான் முடியும். அட்டையில் இருக்கிற முகம் அட்டையை விட்டு எழும்பி வந்து பக்கத்துக் கதிரையில் உட்காரலாம். இன்னொரு வசதியும் உண்டு. எந்தக் கந்தோருக்குள்ளும் கமராவோடு போக அனுமதி கேட்கத் தேவையில்லை, எந்த மனிதரின் முகத்தையும் காட்டத் தேவையில்லை.

ஒரே ஒரு விதியைப் பிடியுங்கள்

புதிதாகத் தொடங்குகிறவர்கள் பட்ட கஷ்டம் அத்தனையையும் ஒரே படத்தில் போட நினைப்பார்கள். வரிசை, போட்டோக் கொப்பி, சாப்பாட்டு நேரம், கைலஞ்சம், சிங்களத்தில் மட்டும் வந்த கடிதம், எல்லாம் வேண்டும். நாங்களும் அப்படித்தான் முதலில் ஒன்பது பக்கம் எழுதினோம். இரண்டு நிமிடத்தில் ஒரு விதிக்குத்தான் இடம் இருக்கிறது.

இதைப் புரிந்துகொள்ள, 1976 இல் வந்த ‘ஆஸ்ட்ரிக்ஸின் பன்னிரண்டு பணிகள்’ என்ற பிரெஞ்சு அனிமேஷன் படத்தில் ஒரு பகுதியைத் தேடிப் பாருங்கள். ஒரு கட்டடத்துக்குள் போய் ஏ-38 என்ற அனுமதிச் சீட்டை வாங்கி வருவது ஆஸ்ட்ரிக்ஸுக்கும் ஒபெலிக்ஸுக்கும் கொடுக்கப்படும் பணி. அந்தக் கட்டடத்துக்குப் பெயரே ஆட்களைப் பைத்தியமாக்கும் வீடு. ஒரு யன்னலில் இருந்து இன்னொரு யன்னலுக்கு, ஒரு மாடியில் இருந்து இன்னொரு மாடிக்கு அனுப்பிக்கொண்டே இருக்கிறார்கள். கடைசியில் ஆஸ்ட்ரிக்ஸ், பி-65 என்ற புதிய சுற்றறிக்கையின்படி தனக்கு ஏ-39 வேண்டும் என்று கேட்கிறார். அப்படி ஒரு சீட்டே கிடையாது. அதைத் தேடி இப்போது உள்ளே இருப்பவர்கள் அலையத் தொடங்குகிறார்கள். ஜெர்மனியில் இன்றைக்கும் வீண் அலைச்சலைச் சொல்ல அந்த ஏ-38 சீட்டின் பெயரைத்தான் சொல்வார்கள். அத்தனை வருடம் நிற்கிற நகைச்சுவைக்குள் இருப்பது ஒரே ஒரு விதி: ‘இங்கே இல்லை, அங்கே போங்கள்.’ அதை முடிந்த மட்டும் இழுத்து, பிறகு வந்த வழியே திருப்பி விட்டிருக்கிறார்கள்.

நாங்கள் எங்கள் விதியை ஒரு கொப்பியில் ஒரு வசனமாக எழுதினோம்: இரண்டு பெயர் இருந்தால் இரண்டு ஆள். அதற்குக் கீழே ‘அப்படியெண்டால்?’ என்று கேட்டுக் கேட்டு எழுதிக்கொண்டு போனோம். இரண்டு ஆள் என்றால் இரண்டு நம்பர் துண்டு எடுக்க வேண்டும். இரண்டு பைல் திறக்க வேண்டும். ஒருவருடைய பைலை மற்றவருக்குக் காட்டக் கூடாது. ஒருவருக்காக மற்றவர் கையெழுத்துப் போடுவதானால் அதிகாரக் கடிதம் வேண்டும். அந்தக் கடிதத்தில் இரண்டு கையெழுத்தும் வேறு வேறாக இருக்க வேண்டும், ஒரே மாதிரி இருந்தால் மோசடி. ஏழாவது ‘அப்படியெண்டால்’ வந்தபோது படத்தின் முடிவு கிடைத்துவிட்டது: அட்டையில் இருந்து வந்த பெண்ணிடம் எல்லா ஆவணமும் சரியாக இருக்கிறது, உயிரோடு வந்த பெண்ணிடம் இல்லை.

இதைச் சோதிக்க ஒரு வழி சொல்கிறேன். ஒவ்வொரு படியையும் தனியாக எடுத்து உங்கள் வீட்டில் ஒருவருக்குச் சொல்லுங்கள். அவர் “அது சரிதானே, அப்படித்தானே கேட்பார்கள்” என்று சொல்ல வேண்டும். ஒவ்வொன்றும் நியாயமாகத் தெரிந்து, சேர்த்துப் பார்க்கும்போது தலை சுற்ற வேண்டும். ஏதாவது ஒரு படியில் “எங்கயாவது இப்படி நடக்குமா?” என்று கேட்டுவிட்டால் அந்தப் படியைக் கழற்றி விடுங்கள்.

வாங்கில் போய் இருங்கள்

இந்தக் கட்டத்துக்கு நாங்கள் மூன்று வாரம் கொடுத்தோம். இப்போது செய்தால் ஆறு வாரம் கொடுப்பேன்.

மட்டக்களப்பு மாவட்டத்தில் 14 பிரதேச செயலகப் பிரிவுகள் இருக்கின்றன. பொதுமக்கள் தினத்தில் ஏதாவது ஒன்றுக்குப் போய், ஆட்கள் காத்திருக்கும் வாங்கில் இரண்டு மணித்தியாலம் இருங்கள். படம் எடுக்க வேண்டாம், பேச்சைப் பதிவு செய்ய வேண்டாம். காதைத் திறந்து வைத்திருந்தால் போதும். வயது போனவர்கள் இன்னும் ‘ஏ.ஜி.ஏ. ஒபிஸ்’ என்கிறார்கள், இளையவர்கள் ‘டி.எஸ். ஒபிஸ்’ என்கிறார்கள். மாவட்டச் செயலகம் எல்லோருக்கும் ‘கச்சேரி’தான். காசு கட்டும் இடத்தில் இருப்பவர் ‘சிறாப்பர்’, பைல் தூக்கி வருபவர் ‘கே.கே.எஸ்.’, கிராம உத்தியோகத்தர் ‘ஜீ.எஸ்.’ ‘கந்தோர்’ என்ற சொல் ஒல்லாந்தர் விட்டுப்போனது. போர்த்துக்கேயர் 1628 இல் கட்டி, 1638 இல் ஒல்லாந்தர் பிடித்த கோட்டைக்குள்தான் எங்கள் கச்சேரியும் நெடுங்காலம் இயங்கியது. அந்தத் தடித்த மதிலையும் ஆழமான யன்னல்களையும் எங்கள் படத்தின் பின்னணியில் வைத்தோம். ஆள் சிறிதாகவும் சுவர் பெரிதாகவும் தெரிய வேறொன்றும் செய்ய வேண்டியிருக்கவில்லை.

எங்கள் படத்தின் பெயரும் அந்த வாங்கில்தான் கிடைத்தது. ‘மறுகா’ என்றால் பிறகு, திரும்ப. எங்கள் பக்கத்தில் குழந்தை முதல் கிழவர் வரை வாயில் வரும் சொல். “மறுகா வாங்க அம்மா” என்று அந்த யன்னலுக்குள் இருந்து வந்த குரலில் கோபமே இல்லை. அன்பாகத்தான் சொன்னார். கேட்டவர் முகம் மட்டும் வாடியது. படம் முழுக்க அந்த இரண்டு சொல்லை ஐந்து தடவை வைத்திருக்கிறோம், ஐந்து தடவையும் அதே அன்போடு.

நடைமுறையைத் தெரிந்துகொள்ள வேறு வழிகளும் இருக்கின்றன. 1919 என்ற அரச தகவல் நிலையத்துக்குத் தமிழிலேயே போன் எடுத்து, இன்ன சான்றிதழுக்கு என்னென்ன வேண்டும் என்று கேட்கலாம். இன்ன விதி எந்தச் சுற்றறிக்கையில் இருக்கிறது என்று தெரிய வேண்டுமென்றால், 2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் எழுதிக் கேளுங்கள். ஏன் கேட்கிறீர்கள் என்று நீங்கள் காரணம் சொல்லத் தேவையில்லை. தருவதா இல்லையா என்பதை 14 வேலை நாட்களுக்குள் தகவல் அலுவலர் தீர்மானித்துச் சொல்ல வேண்டும். சுற்றறிக்கையின் மொழியைக் கையில் வைத்துப் பாருங்கள். நாமாகக் கற்பனை பண்ணி எழுதும் வசனங்களை விட அதில் வரும் ‘மேற்படி விடயம் தொடர்பாக’ எத்தனையோ மடங்கு நன்றாக இருக்கும்.

ஆனால் எங்களுக்கு அதிகம் கற்றுத் தந்தது பக்கத்து வீட்டு அக்கா. முப்பது வருடம் கிளாக்கராக இருந்து ஓய்வு பெற்றவர். முதல் பிரதியில் எங்கள் கிளாக்கர் பெரிய வயிறோடு தூங்கிக்கொண்டிருந்தார். அக்கா அந்தப் படத்தைப் பார்த்துவிட்டுக் கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு சொன்னார்: “தம்பி, நான் அந்த அம்மாவை நம்பாமல் இல்லை. நாளைக்கு ஒடிட் வந்து கேட்டால், ‘நான் நம்பினேன்’ எண்டு பைலில எழுத ஏலுமா?” ஒரு பெயரில் ஓர் எழுத்து மாறியிருந்து, அதற்குக் காசு போயிருந்தால், கணக்காய்வு வினா கையெழுத்து வைத்தவரின் பெயருக்குத்தான் வரும். பதில் எழுதி முடிக்கும்வரை அவருக்கு நித்திரை இல்லை. ஆகவே அவர் இன்னொரு கடதாசி கேட்கிறார். அந்தக் கடதாசி அவருக்குக் குடை.

அன்றைக்கே தூங்கும் கிளாக்கரைக் கிழித்துப் போட்டோம். புதிய கிளாக்கர் மெலிந்தவர், சுறுசுறுப்பானவர், உதவ நினைக்கிறவர். அவர் பேனாவை எடுக்கும் ஒவ்வொரு தடவையும் முதுகுக்குப் பின்னால் ஒரு இரும்பு அலுமாரி தானாக ஒரு விரல் அளவு திறக்கும். அவர் பேனாவை வைத்ததும் மூடிக்கொள்ளும். படத்தில் ‘ஒடிட்’ என்ற சொல் ஓரிடத்திலும் இல்லை. ஆனால் கந்தோரில் வேலை செய்கிறவர்கள் அத்தனை பேரும் அந்த அலுமாரியைப் பார்த்துத்தான் முதலில் சிரித்தார்கள்.

பெயர் எப்படி மாறுகிறது என்பதையும் இந்தக் கட்டத்தில்தான் விளங்கிக்கொண்டோம். தமிழில் வாயால் சொன்ன பெயர் ஆங்கில எழுத்தில் ஏறி, சிங்களத்துக்குப் போய், திரும்பத் தமிழுக்கு வரும்போது ஓரெழுத்து விழுந்தோ மாறியோ போகிறது. 1987 இல் பதின்மூன்றாம் திருத்தத்தோடு தமிழும் அரச கரும மொழியானது உண்மை. ஆனால் அதற்கு முன் பிறந்தவர்களின் பத்திரங்கள் பழைய பத்திரங்கள்தானே. எங்கள் படத்தில் வரும் அம்மாவான செல்வநாயகியின் ‘வ’ எழுத்து ஒரு மேசையில் இருந்து இன்னொரு மேசைக்கு நடந்து போகிறது. மூன்றாவது மேசையில் களைத்துப்போய் ‘ல’ ஆகச் சுருண்டு படுத்துக்கொள்கிறது. பத்து வினாடிக் காட்சி. அதை வரைய மூன்று கிழமை எடுத்தது.

சிரிக்கக் கூடாத இடம்

எங்கள் ஊர்களில் ஒருவரிடம் பத்திரம் இல்லையென்றால் அதற்குப் பின்னால் பெரும்பாலும் ஒரு துயரம் இருக்கிறது. 2004 டிசம்பர் 26 காலையில் நாவலடியிலும் கல்லடியிலும் கடல் வீட்டையும் ஆட்களையும் கொண்டுபோனபோது தகரப் பெட்டிக்குள் இருந்த பத்திரங்களும் போயின. சண்டைக் காலத்தில் உடுத்த உடுப்போடு ஓடியவர்கள் எத்தனையோ பேர். ஆளே இல்லாமல் போனவர்களின் குடும்பங்களும் இந்த வாங்குகளில்தான் இருக்கின்றன. மரணச் சான்றிதழுக்குப் பதிலாக, ஆள் காணவில்லை என்பதற்கே சான்றிதழ் தரும் சட்டத் திருத்தம் 2016 இல் வந்தது. அந்த யன்னலின் முன்னால் நிற்கும் ஒரு தாயை வைத்து நகைச்சுவை செய்யாதீர்கள். எங்கள் வரிசைக் காட்சியில் போட்டோ ஒன்றை நெஞ்சோடு பிடித்த ஒரு பெண் பின்னணியில் நின்றார். வரைந்தவருக்கு அது உண்மையாகப் பட்டது, எனக்கும்தான். ஆனால் முன்னால் சிரிப்பு நடக்கும்போது அவரைப் பின்னால் நிறுத்த எங்களுக்கு உரிமை இல்லை என்று எடுத்துவிட்டோம். அவர்கள் கதையைச் சொல்ல வேண்டுமென்றால் அவர்களோடு இருந்து, அவர்கள் சொல்லச் சொல்ல, அதற்கென்று தனியாக ஒரு படம் செய்ய வேண்டும்.

கதைப்பலகை

பழைய பைல் மட்டையை வெட்டி, உள்ளங்கை அளவில் 32 துண்டு எடுத்தோம். ஒரு துண்டில் ஒரு காட்சி, பென்சிலால். தரையில் பரப்பி வைத்து இடம் மாற்றலாம், பிடிக்காததைத் தூக்கிப் போடலாம். கணினியில் செய்தால் தூக்கிப் போட மனம் வராது.

எங்கள் ஒழுங்கு இப்படி. படுவான்கரையில் இருந்து ஒரு அம்மா மண்டூர் பாதையில் (ஆட்களை ஏற்றி வாவியைக் கடக்கும் மிதவைக்கு எங்கள் பக்கத்தில் ‘பாதை’ என்றுதான் பெயர்) ஏறி வாவியைக் கடந்து குருமண்வெளிப் பக்கம் வருகிறார், கையில் பொலித்தீன் பையில் சுற்றிய பத்திரங்கள். யன்னல். ஓர் எழுத்து பிழை. “இது நீங்க இல்லை அம்மா.” அட்டைக்குள் இருந்து கடதாசிப் பெண் எழும்பி வருகிறாள். இரண்டு துண்டு, இரண்டு கதிரை, இரண்டு பைல். மறுகா வாங்க. கடைசியில் சான்றிதழ் கடதாசிப் பெண்ணின் கைக்குப் போகிறது. மாலைப் பாதையில் ஏறி வீட்டுக்குப் போவது அவள். அம்மா வாங்கில் இருக்கிறார், விசிறி சுற்றுகிறது.

முடிவைப் பற்றி எங்களுக்குள் சண்டையே வந்தது. பெரிய அதிகாரி ஒருவர் வந்து எல்லாவற்றையும் சரிசெய்வதாக முடிக்கலாம் என்று ஒருவர் சொன்னார். பார்க்கிறவர்கள் சந்தோஷப்படுவார்கள், ஆனால் மறுநாள் கந்தோருக்குப் போகும்போது அந்த அதிகாரி அங்கே இருக்கமாட்டார். நீங்கள் எடுத்த விதி தானாக எங்கே போய் முடிகிறதோ அங்கேயே படத்தையும் முடியுங்கள் என்பதுதான் என் கருத்து.

துண்டுகளை ஒழுங்காக வைத்ததும் ஒவ்வொன்றையும் போனில் படம் பிடித்து, உங்கள் குரலிலேயே வசனம் பேசி, இரண்டு நிமிட வீடியோவாக ஒட்டுங்கள். இதை அனிமாட்டிக் என்பார்கள். விளக்கம் ஒன்றும் சொல்லாமல் மூன்று பேருக்குக் காட்டுங்கள். இந்த இடத்தில் விளங்காதது, வண்ணம் பூசி அசைத்த பிறகும் விளங்காது. எங்களுக்கு இங்கேயே பதினொரு துண்டு கழிந்தது. அசைத்த பிறகு கழிந்திருந்தால் ஒரு மாத வேலை வீண்.

பாத்திரங்களின் வரவு

எங்கள் கூத்தில் ஒவ்வொரு பாத்திரமும் தனக்குரிய வரவுத் தாளத்தோடு களரிக்குள் வரும். மத்தளமும் சல்லரியும் மாறினாலே அடுத்து வருபவர் அரசனா சேவகனா என்று பார்க்கிறவர்கள் நிமிர்ந்து உட்காருவார்கள். அனிமேஷனுக்கு இதைவிட நல்ல பாடம் எனக்குத் தெரியாது. ஆளை வரையும் முன் அவர் எப்படி வருவார் என்று தாளம் போட்டுப் பாருங்கள். அம்மாவின் நடைக்கு ஒரு தாளம், கே.கே.எஸ்.ஸின் செருப்புக்கு ஒரு தாளம், முத்திரைக்கு ஒரு தாளம். எங்கள் குழுவில் வரைபவர், கண்ணை மூடிக்கொண்டு தாளத்தை மேசையில் தட்டிவிட்டுத்தான் பென்சிலைத் தொடுவார்.

அம்மாவைக் கையால் வரைந்து மெல்லிய வண்ணம் கொடுத்தோம். கடதாசிப் பெண்ணை விண்ணப்பப் படிவத்தின் போட்டோக் கொப்பியில் இருந்து வெட்டி எடுத்தோம். கறுப்பு வெள்ளை, தட்டை, பக்கவாட்டில் திரும்பினால் ஒரு கோடு மட்டும்தான்.

பின்னணியில் தெரியும் அட்டை, முத்திரை, கடிதத் தலைப்பு எல்லாம் நீங்களே உண்டாக்கியதாக இருக்கட்டும். அரச இலச்சினையை வரையாதீர்கள், வேறொரு வட்டத்தைக் கீறி உள்ளே ஒரு மீனைப் போடுங்கள். அடையாள அட்டை இலக்கத்தில் மிகவும் கவனம் தேவை. மனம்போனபடி எழுதினால் அது யாரோ ஒருவருடைய உண்மையான இலக்கமாக இருந்துவிடலாம். பழைய ஒன்பது இலக்க முறையில் முதல் இரண்டும் பிறந்த வருடம், அடுத்த மூன்றும் வருடத்தின் எத்தனையாவது நாள் என்பது. பெண்களுக்கு அதோடு 500 கூட்டுவார்கள். ஆகவே அந்த மூன்று இலக்கம் 866 ஐத் தாண்டாது. நாங்கள் 58 க்குப் பிறகு 900 என்று போட்டோம். அப்படி ஓர் இலக்கம் எவருக்கும் இருக்க முடியாது.

அசைவு

மென்பொருளுக்குக் காசு கொடுக்க வேண்டாம். கிரிட்டா, பென்சில் டூடி, ஓப்பன்டூன்ஸ், பிளெண்டர் நான்கும் இலவசம். லப்டொப் பழையதென்றால் பென்சில் டூடியில் தொடங்குங்கள், நிறம் நிறையத் தேவையென்றால் கிரிட்டா. பிளெண்டர் பிறகு பார்த்துக்கொள்ளலாம். லப்டொப்பே இல்லையென்றால் போனில் ஃபிளிப்பாகிளிப் போதும்.

சினிமாவில் ஒரு வினாடிக்கு 24 படம் ஓடும். ஒரே வரைபடத்தை இரண்டு தடவை காட்டினால் வினாடிக்கு 12 வரைபடம் போதும், கண் ஏற்றுக்கொள்ளும். எங்கள் 130 வினாடிக்கு அப்படிப் பார்த்தால் 1560 வரைபடம். பயப்பட வேண்டாம். விசிறி சுற்றுவது, வாவித் தண்ணீர் அசைவது, அம்மா நடப்பது போன்றவற்றை ஒரு தடவை வரைந்து திரும்பத் திரும்ப ஓட விடலாம். ஆட்கள் காத்திருக்கும் இடங்களில் ஒன்றுமே அசையத் தேவையில்லை, அசையாமல் இருப்பதுதான் அங்கே கதை. கடைசியில் நாங்கள் வரைந்தது 600 சொச்சம்.

அம்மாவுக்கு வினாடிக்கு 12, கடதாசிப் பெண்ணுக்கு 6 என்று வைத்தோம். அவள் வெட்டி வெட்டி அசைவாள், அம்மா வழுக்கி அசைவார். பக்கத்தில் பக்கத்தில் இருவரும் இருக்கும்போது யாருக்கு உயிர் இருக்கிறது என்று ஒருவரும் சொல்லித் தர வேண்டியதில்லை.

முத்திரை குத்தும் காட்சியை எப்படிச் செய்தோம் என்று விரிவாகச் சொல்கிறேன், மற்ற எல்லா அசைவுக்கும் அதே கணக்குத்தான். கை மேலே போக 10 வரைபடம், மெதுவாக. உச்சியில் 4 வரைபடத்துக்கு நிற்கும். கீழே வர ஒரே ஒரு வரைபடம். மேசையில் பட்டதும் இரண்டு வரைபடத்துக்கு மேசை நசுங்கும், பைல்கள் ஒரு விரல் துள்ளும், மை போத்தல் மூடி ஆடும். அதன் பிறகு ஒரு முழு வினாடி எல்லாம் அப்படியே நிற்கும். அந்த ஒரு வினாடியில்தான் அம்மா கண்ணை உயர்த்தி, மை படவில்லை என்பதைப் பார்க்கிறார். முதலில் செய்தபோது மேலே போவதும் கீழே வருவதும் ஒரே வேகம். பார்த்தவர்கள் யாரும் சிரிக்கவில்லை. ஏறுவதை நீட்டி, விழுவதைக் குறுக்கியதும் அதே வரைபடங்களுக்குச் சிரித்தார்கள்.

கடதாசியை வெட்டி, போன் கமராவில் படம் எடுப்பதானால் இரவில் எடுங்கள். பகல் வெளிச்சம் நிமிடத்துக்கு நிமிடம் மாறும். போனை ஓரிடத்தில் இறுக்கிக் கட்டி, போக்கஸையும் வெளிச்சத்தையும் கமராவில் பூட்டி விடுங்கள். இரண்டு பக்கமும் இரண்டு மேசை விளக்கு. கடதாசி சுருளாமல் மேலே ஒரு கண்ணாடி. மின்விசிறியை நிறுத்த மறக்காதீர்கள். ஒருநாள் மறந்துபோய் கடதாசிப் பெண்ணின் ஒரு கை வாசலுக்குப் பறந்துவிட்டது, அவ்வளவு நேரம் எடுத்த படமும் போனது.

வாய் அசைவுக்கு ஏழு வாய் போதும். திறந்த ‘ஆ’, இழுத்த ‘ஈ’, குவிந்த ‘ஊ’, வட்டமான ‘ஓ’, மூடிய ‘ப’வும் ‘ம’வும், பல் உதட்டில் பட்ட ‘வ’, நாக்கு தெரியும் ‘ல’வும் ‘த’வும். ஆங்கிலத்துக்கென்று செய்த அட்டவணைகளை அப்படியே எடுக்காதீர்கள். தமிழில் ‘அம்மா’, ‘இப்ப’ போன்ற சொற்களில் உதடு மூடி ஒரு கணம் நிற்கும். அதற்கு மூடிய வாயை இரண்டு வரைபடத்துக்கு வையுங்கள். ஒலி வருவதற்கு ஒரு வரைபடம் முந்தியே உதடு மூடினால்தான் பேச்சு பேச்சாகத் தெரியும்.

குரலும் சத்தமும்

குரலை அசைவுக்கு முன்னால் பதியுங்கள், பிறகல்ல. மெத்தையைச் சுவரோடு சாய்த்து, போர்வையை மேலே போட்டு, அதற்குள் போனை வைத்து எடுத்தோம். ஒடாசிட்டி என்ற ஒலி மென்பொருளில் இரைச்சலைக் குறைத்தோம்.

வானொலித் தமிழ் பேச வைக்காதீர்கள். அம்மா “எத்தின தரம் வாற சேர்?” என்று கேட்டால்தான் அது அம்மா. எங்கள் படத்தில் அம்மாவுக்குக் குரல் கொடுத்தது என் அம்மாவே. எழுதிக் கொடுத்ததை அவர் வாசிக்கவில்லை, நடந்ததைச் சொன்னார், நாங்கள் அதில் இருந்து வெட்டி எடுத்தோம். கிளாக்கருக்குப் பக்கத்து வீட்டு அக்கா குரல் கொடுப்பதாகச் சொன்னதும், மெலிந்த ஆண் கிளாக்கரை ஒரே இரவில் பெண்ணாக மாற்றி வரைந்தோம். அலுமாரி அப்படியே இருந்தது. அரச சேவையில் இப்போதும் இருப்பவர்களிடம் குரல் கேட்பதானால், தாபன விதிக்கோவையின்படி தங்களுக்குச் சிக்கல் வராதா என்று அவர்கள் நிதானமாகப் பார்த்து முடிவெடுக்க விடுங்கள். வற்புறுத்த வேண்டாம்.

காட்டுவது

பட்டம் பதவி தெரியும்படி உண்மையான எவரையும், எந்தக் கந்தோரையும் படத்தில் காட்டாதீர்கள். இணையத்தில் போடும் முன் 2024 இன் நிகழ்நிலைக் காப்புச் சட்டம் தெரிந்த ஒரு சட்டத்தரணியிடம் காட்டுவது நல்லது. மண்டபம் எடுத்துக் காட்டுவதானால் அனுமதி ஏதும் வேண்டுமா என்பதை முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். வரைய ஆள் தேவையென்றால் கல்லடியில் சுவாமி விபுலானந்த அழகியற் கற்கைகள் நிறுவகத்தில் படிக்கிற பிள்ளைகளோடு பேசிப் பாருங்கள், ஆசையோடு வருவார்கள்.

முதல் தடவை காட்டும்போது, வாங்கில் இருக்கிறவர்களும் யன்னலுக்கு உள்ளே இருக்கிறவர்களும் ஒரே இடத்தில் இருக்கட்டும். நாங்கள் ஒரு வாசிகசாலைச் சுவரில் வெள்ளைச் சீலை கட்டிக் காட்டினோம், நாற்பது பேர் இருக்கும். பக்கத்து வீட்டு அக்கா தன்னோடு வேலை செய்த நான்கு பேரைக் கூட்டி வந்திருந்தார். அலுமாரி திறந்தபோது அவர்கள் சிரித்தார்கள், அம்மா கேள்வி கேட்டபோது மற்றவர்கள் சிரித்தார்கள், பாதை கடதாசிப் பெண்ணோடு புறப்பட்டபோது யாரும் சிரிக்கவில்லை.

வாசலில் ஒரு கொப்பியும் பேனாவும் வைத்திருங்கள். படம் முடிந்ததும் ஆட்கள் தங்கள் கதையைச் சொல்லாமல் போகமாட்டார்கள். அன்றைக்கு ஒரு ஐயா வந்து, “என்ட வளவுக்கு ரெண்டு இலக்கம் இரிக்கி தம்பி. நான் எந்த இலக்கத்தில குடியிருக்கன் எண்டு கேக்காங்க” என்றார். எழுதுங்கள் ஐயா என்று கொப்பியைக் கொடுத்தேன். அவர் எழுதவில்லை. வளவைக் கீறினார், கிணற்றைக் கீறினார், நடுவில் ஒரு கோடு போட்டார். அந்தக் கோடு அவருடைய குசினிக்குள்ளால் போனது. அந்தப் பக்கத்தை இப்போது சுவரில் ஒட்டி வைத்து, அதற்குக் கீழே ‘அப்படியெண்டால்?’ எழுதத் தொடங்கியிருக்கிறோம்.